பூச்சிகளுக்குக் கால் மணி நேரம்

மருந்துக்காரர் எந்த வீட்டுக்குப் பூச்சிமருந்து அடிக்கப் போனாலும் முதலில் சுவரை மூன்று தடவை தட்டுவார். பிறகு விருந்தாளிகளிடம் பேசுகிற பதவிசோடு, "பெரியவங்க சின்னவங்க எல்லாரும் கேட்டுக்குங்க. கால் மணி நேரம் டைம் தர்றேன். கிளம்புறவங்க கிளம்பிடுங்க" என்பார். வீட்டுக்காரர்கள் யாரைச் சொல்கிறார் என்று முழிப்பார்கள். கரப்பான் பூச்சிகளைத்தான். சொல்லிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு வாசலில் நிற்பார். கால் மணி நேரம் கழிந்த பிறகுதான் முதுகில் டேங்கை மாட்டுவார்.

இருபத்திரண்டு வருடமாக இதே கதை. அவர் மனைவி இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். "இவரு பேச்சைக் கேட்டு வீட்டை விட்டுக் கிளம்பின ஒரே ஜீவன் நான்தான். அதுவும் கோவிச்சுக்கிட்டு எங்கம்மா வீட்டுக்கு."

அவரைக் கேலி செய்தவர்கள் யாரும் ஏன் என்று கேட்டதில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். தெருமுனைப் பிரார்த்தனைக் கூடத்தில் வாராவாரம் எல்லோரும் எழுந்து நின்று முதலில் சொல்கிற வரி, 'எல்லா உயிரும் உன்னுடையது' என்பது. மற்றவர்கள் அதைச் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவார்கள். மருந்துக்காரரால் அப்படி உட்கார முடியவில்லை. எல்லா உயிரும் என்றால் கரப்பான் பூச்சியும்தானே என்று அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. அவருக்கும் வயிறு இருக்கிறது, குடும்பம் இருக்கிறது, வேறு தொழில் தெரியாது. ஆகவே கடவுளோடு ஒரு ஏற்பாட்டுக்கு வந்தார். சொல்லாமல் கொள்ளாமல் கொல்வதில்லை. அவ்வளவுதான் அவரால் முடிந்தது.

கூடத்தில் அவர் உட்காருவது கடைசி பெஞ்சில், செருப்பு அலமாரிக்குப் பக்கத்தில். பின்னால் போ என்று யாரும் அவரைச் சொன்னதில்லை, அந்த வகையில் எல்லோரும் நல்லவர்கள். எத்தனை சோப்புப் போட்டுக் குளித்தாலும் அவர் உடம்பில் மருந்து வாடை தங்கிவிடும். பக்கத்தில் இருப்பவர் கைக்குட்டையை எடுப்பார். மருந்துக்காரர் அடுத்த வாரம் ஒரு பெஞ்சு பின்னால் போவார். அங்கேயும் ஒரு கைக்குட்டை. இப்படிப் போய்ப் போய்ச் செருப்பு அலமாரி வந்துவிட்டது, அதற்குப் பின்னால் சுவர். மனைவியும் மகளும் நடு பெஞ்சில் உட்காருவார்கள். மகளுக்கு ஆறு வயதிருக்கும்போது பிரார்த்தனை முழுக்கப் பின்னால் திரும்பி அப்பாவையே பார்த்துக்கொண்டிருப்பாள். முன்னால் பார் என்று அம்மா தலையைத் திருப்பிவிடுவாள். தலை மறுபடி பின்னால் திரும்பும்.

அந்த மகளுக்கு இப்போது கல்யாணம். கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறாள், பையனும் அதே கடைதான். இரண்டு பேரும் பேசி முடிவு செய்துவிட்டு, பெரியவர்களிடம் ரொம்பப் பணிவாக அனுமதி கேட்டார்கள். அவள் நகை கேட்கவில்லை, பட்டு கேட்கவில்லை. கல்யாணம் கூடத்தில் நடக்க வேண்டும் என்று மட்டும் கேட்டாள். கூடத்தின் விண்ணப்பத்தில் 'முன் பெஞ்சில் உட்காருபவர்கள்' என்று ஒரு கட்டம் உண்டு. மற்ற எதையும் நிரப்புவதற்கு முன்னால் அவள் அந்தக் கட்டத்தில் 'அப்பா' என்று எழுதினாள். பிறகு ஞாபகம் வந்து, 'அம்மா' என்று சேர்த்தாள்.

"நான் பின்னாடியே உக்காந்துக்கிறேனே. எனக்கென்ன, அங்கயும் நல்லாத்தானே தெரியுது" என்றார் மருந்துக்காரர்.

"உங்களுக்குத் தெரியும்பா. எனக்குத்தான் கழுத்து வலிக்குது."

அவர் விண்ணப்பத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். செயலாளர் கையெழுத்துப் போட்டால் போதும்.

செயலாளர் கெட்டவர் அல்ல. ஓய்வு பெற்ற பள்ளி ஆய்வாளர், கூடத்துக்கு ஒரு காசு வாங்காமல் உழைப்பவர், குழாய் சொட்டினால்கூடத் தானே ஓடிப்போய் மூடுகிறவர். விண்ணப்பத்தை வாங்கிப் பார்த்தார். பார்த்துவிட்டு மேசை மேல் வைக்காமல் திருப்பிக் கொடுத்தார்.

"போட்டுடலாம்ப்பா. அதுக்கென்ன. முதல்ல ஒரு சின்ன வேலை இருக்கு, அதை முடிச்சுட்டு வா."

ஜன்னலைக் காட்டினார். கூடத்தின் பின்சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு நீளமான துண்டு நிலம், கூடத்துக்குச் சொந்தமானது. முன்பு இடிந்த கல்லும் சிமெண்டுமாகக் கிடந்தது. இப்போது பச்சைப் பசேலென்று செடியும் கொடியுமாக இருந்தது. நடுவில் நாலு தார்ப்பாய்க் கூரைகள். ஊர்க் குப்பையில் பாட்டிலும் காகிதமும் பொறுக்கிப் பிழைப்பவர்கள் ஐந்து வருடமாக அங்கே இருக்கிறார்கள்.

"கொசு தொல்லைன்னு கமிட்டில புகார். களைக்கொல்லியும் சேத்தே அடிச்சிடு. வாரம் ஒரு தடவை, நாலு வாரம்."

"கொசுவுக்குக் களைக்கொல்லி எதுக்குங்க?"

செயலாளர் குரலைத் தாழ்த்தினார். "அங்க வண்டி நிறுத்த இடம் கட்டுறதா இருக்கு. அவங்கள நாம போகச் சொன்னோம்னு பேர் வரக்கூடாது பாரு, நம்மது பிரார்த்தனைக் கூடம். செடி காஞ்சா நிழல் போயிடும். நிழல் போனா அவங்களே போயிடுவாங்க. யாரு மனசும் புண்படாது."

மருந்துக்காரர் தலையாட்டினார். இல்லை என்று சொல்லச் சட்டைப்பையில் இருந்த விண்ணப்பம் விடவில்லை. அதை நான் மறைக்கப் போவதில்லை, அவரும் பிறகு மறைக்கவில்லை.

மறுநாள் காலை டேங்கோடு பின்பக்கம் போனார். தொழில்காரர் கண் முதலில் பூச்சியைத்தான் தேடும். கூடத்தில் கை கால் கழுவுகிற தண்ணீர் சுவரில் ஒரு ஓட்டை வழியாக வந்து சின்னக் குட்டையாகத் தேங்கியிருந்தது. கொசு மண்டிக் கிடக்க வேண்டிய இடம். ஆனால் குட்டைக்கு மேலே பத்துப் பன்னிரண்டு தட்டான்கள் பறந்துகொண்டிருந்தன. தண்ணீருக்குள் விரல் நீளத்தில் மீன்கள். குனிந்து ஒரு கை தண்ணீரை அள்ளி வெயிலில் பார்த்தார், ஒரு கொசுப்புழு இல்லை. தட்டானும் மீனும் அவர் தொழிலை அவரைவிட நன்றாகச் செய்துகொண்டிருந்தன. காய்கறித் தோலையும் வாடிய பூவையும் யாரோ குழி குழியாகப் புதைத்து, கல்லும் சிமெண்டுமாக இருந்த இடத்தை மண்ணாக மாற்றியிருந்தார்கள்.

இருந்தாலும் வந்த வேலை என்று ஒன்று இருக்கிறதே. பழக்க தோஷத்தில் சுவரை மூன்று தடவை தட்டினார். "பெரியவங்க சின்னவங்க எல்லாரும் கேட்டுக்குங்க. கால் மணி நேரம் டைம் தர்றேன். கிளம்புறவங்க கிளம்பிடுங்க."

சொல்லிவிட்டு வழக்கம்போலக் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

தார்ப்பாய்களுக்குள் சலசலப்புக் கேட்டது. முதல் கூரையிலிருந்து ஒரு பெண் வெளியே வந்தாள். கூடத்தில் பிரார்த்தனை முடிந்ததும் காகிதக் கோப்பைகளைப் பொறுக்கிக்கொண்டு போகிற பாட்டிலம்மாதான். அவரை ஏறிட்டுப் பார்த்தாள். கோபமாகப் பேசவில்லை, அழவில்லை. உள்ளே திரும்பி, "பாயைச் சுருட்டுங்க. கால் மணி நேரம் குடுத்திருக்காங்க" என்றாள். பிறகு அவரிடம் வந்து, "ஐயா, ஒரு பொம்பளைக்குப் போன வாரம்தான் பிரசவம் ஆச்சு. அவளுக்கு மட்டும் அரை மணி நேரம் தருவீங்களா" என்று கேட்டாள்.

உள்ளே பாத்திரங்களை ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்குகிற சத்தம். எத்தனையோ இடத்தில் அடுக்கிப் பழகிய கைகள், அவசரமே இல்லாமல் வேகமாக அடுக்கின. இருபத்திரண்டு வருடமாகத் தான் பெரிய தர்மம் செய்வதாக நினைத்துக்கொண்டிருந்த அந்தக் கால் மணி நேரம் எப்படிப்பட்டது என்று அவர் முதன்முதலாக எதிரில் நின்று பார்த்தார். அவருக்கு வெட்கமாக இருந்தது.

"அம்மா, உங்களச் சொல்லல. பூச்சியைச் சொன்னேன்" என்றார் ஒருவழியாக.

"பூச்சிகிட்டயா?"

"ஆமாம்மா. அது என் பழக்கம். நீங்க யாரும் எங்கயும் போக வேண்டாம்."

பாட்டிலம்மா அவரை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். ஆள் நல்லவரா, கழன்ற கேஸா என்று எடைபோடுகிற பார்வை. "அப்ப சரி. பாயை விரிங்க" என்றாள் உள்ளே பார்த்து.

மருந்துக்காரர் டேங்கைத் தூக்கிக்கொண்டு தெருக்குழாய்க்குப் போனார். மருந்துப் புட்டியின் மூடியைத் திறக்கவேயில்லை. டேங்கை வெறும் தண்ணீரால் நிரப்பி, முகமூடி கையுறை எல்லாம் முறையாக மாட்டிக்கொண்டு, ஒரு மூலை விடாமல் அடித்தார். வேலைச் சீட்டில் மருந்தின் பெயரை எழுதிக் கையெழுத்துப் போட்டார். எழுதியதை மறுபடி படித்துப் பார்க்காமல் மடித்தார். அவர் யாரையும் ஏமாற்றிப் பழக்கப்பட்டவர் அல்ல, கரப்பான் பூச்சியைக்கூட.

இரண்டாவது வாரமும் தண்ணீர். மூன்றாவது வாரமும் தண்ணீர். பாட்டிலம்மா கூடவே நடந்து, "ஐயா, இந்த ஓரத்துல விட்டுட்டீங்களே, இங்கயும் கொஞ்சம் அடிங்க" என்று இடம் காட்டினாள். பாவம், விஷம் என்று தெரியாமல் காட்டுகிறாளே என்று அவர் மனதுக்குள் உருகியபடி அங்கேயும் அடித்தார்.

வீட்டில் மகள், "கையெழுத்து ஆச்சாப்பா" என்று கேட்பாள். "வேலை முடியட்டும்மா" என்பார். என்ன வேலை என்று அவளும் கேட்கவில்லை.

நாலாவது வாரம், பிரார்த்தனைக்கு முதல் நாள், செயலாளர் ஆள் அனுப்பினார். அறைக்குள் போனதுமே மருந்துக்காரருக்கு விஷயம் புரிந்துவிட்டது. பாட்டிலம்மாவின் பூசணிக்கொடி பின்சுவரைத் தாண்டி, ஜன்னல் கம்பிக்குள் நுழைந்து, செயலாளரின் மேசைக்கு ஒரு சாண் தூரத்தில் பெரிய மஞ்சள் பூவாகப் பூத்திருந்தது. செயலாளர் அந்தப் பூவையும் வேலைச் சீட்டுகளையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்னப்பா மருந்து இது? போன மாசத்தைவிட இப்ப காடா இருக்கு."

மருந்துக்காரர் வாயைத் திறப்பதற்குள் செயலாளரே தொடர்ந்தார்.

"உன்னைக் குத்தம் சொல்லல. நீ நேர்மையான ஆளு, அது எனக்குத் தெரியும். மருந்துலதான் கலப்படம். நாளன்னைக்கு வேற கம்பெனி மிஷினோட வருது. ரெட்டை மடங்கு அடிக்கச் சொல்லியிருக்கேன். நீ விண்ணப்பத்தை நாளைக்குக் கொண்டா, கையெழுத்துப் போட்டுத் தர்றேன்."

சும்மா இருந்தால் போதும். கையெழுத்துக் கிடைத்துவிடும், மகள் ஆசை நிறைவேறிவிடும். மருந்தை அடிக்கப்போவது யாரோ. வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் இதைத்தான் தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். வீட்டில் மகள் கல்யாணப் புடவையின் ஓரத்தை மடித்துத் தைத்துக்கொண்டிருந்தாள். அவர் பக்கத்தில் உட்கார்ந்து ஊசியில் நூல் கோத்துக் கொடுத்தார். மூன்று தடவை கோத்துக் கொடுத்த பிறகு கேட்டார்.

"கூடம் கிடைக்காமப் போச்சுன்னா ரொம்பக் கஷ்டப்படுவியாம்மா?"

அவள் தையலை நிறுத்தினாள். "ஏன்பா?"

"சும்மாதான் கேட்டேன்."

"கஷ்டமாத்தான் இருக்கும்" என்றாள். பிறகு அவர் முகத்தைப் பார்த்தாள், ஆறு வயதில் பார்த்த அதே பார்வை. "நீங்க இப்படி முகத்தை வச்சுக்கிட்டு இருந்தா அதைவிடக் கஷ்டமா இருக்கும்."

அந்தக் கூடத்தில் ஒரு வழக்கம் உண்டு. பிரார்த்தனையின் கடைசியில் செயலாளர் எழுந்து, "தன் குறையைச் சொல்றவங்க யாராவது உண்டா" என்று கேட்பார். வாசற்படிக்குள் இருக்கிற யார் வேண்டுமானாலும் எழுந்து தான் செய்த தப்பைச் சொல்லலாம். யாரும் கேள்வி கேட்கக் கூடாது, புத்தி சொல்லக் கூடாது. எல்லோரும் சேர்ந்து "கேட்டோம்" என்று மட்டும் சொல்ல வேண்டும். தப்பைச் சொன்னவர் பழைய இடத்துக்குத் திரும்பக் கூடாது. முன் பெஞ்சில் வந்து உட்கார வேண்டும். தப்பை ஒத்துக்கொண்டவனை யாரும் பின்னால் தள்ளிவிடாமல் இருக்க முன்னோர்கள் செய்த ஏற்பாடு. இப்போதெல்லாம் மளிகைக்கடைக்காரர் ஒருவர்தான் அதை ஒழுங்காகப் பயன்படுத்துகிறார். மாதம் தவறாமல் எழுந்து, "எடை குறைச்சுப் போட்டேன்" என்பார். முன் பெஞ்சில்தான் ஃபேன் இருக்கிறது என்பது கூடத்தில் எல்லோருக்கும் தெரிந்த ரகசியம்.

அன்றைக்கும் செயலாளர் கேட்டார். மளிகைக்கடைக்காரர் எழுவதற்காகச் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். அதற்குள் செருப்பு அலமாரிப் பக்கம் ஒரு பெஞ்சு கிரீச்சிட்டது.

மருந்துக்காரர் எழுந்து நின்றார். குறை சொல்ல அவர் எழுந்தது இருபத்திரண்டு வருடத்தில் அதுதான் முதல் தடவை.

"நான் ஒரு பொய் சொல்லிட்டேன்" என்றார். குரல் தனக்கே கேட்கவில்லை என்று தோன்றியதால் மறுபடி சொன்னார். "கூடத்துக்குப் பின்னாடி களைக்கொல்லி அடிக்கச் சொன்னாங்க. செடி காஞ்சா நிழல் போயிடும், அங்க இருக்கிறவங்க போயிடுவாங்கன்னு சொன்னாங்க. நான் முடியாதுன்னு சொல்லியிருக்கணும். சொல்லல. என் பொண்ணு கல்யாணத்துக்கு இந்தக் கூடம் வேணும், அதுக்காகச் சரின்னு தலையாட்டினேன். அப்புறம் மனசு வரல. மூணு வாரமா வெறும் தண்ணிய அடிச்சுட்டு மருந்துன்னு எழுதிக் குடுத்தேன். நாளைக்கு வேற ஆளு வந்து நெஜமாவே அடிக்கப் போறாங்க. அங்க பொறந்து ஒரு மாசமான குழந்தை இருக்கு. தட்டான் இருக்கு. நான் வாயத் தொறக்காம இருந்தா அது இன்னொரு தப்பு. அதான் சொல்லிட்டேன்."

"கேட்டோம்" என்று யார் முதலில் சொன்னார்களோ தெரியாது. அங்கொன்றும் இங்கொன்றுமாகத் தொடங்கி, பெஞ்சு பெஞ்சாகச் சேர்ந்துகொண்டது. எல்லோரும் சொல்லி முடித்துக் கூடம் அமைதியான பிறகு, மேடையிலிருந்து ஒரே ஒரு குரல் தனியாக வந்தது. "கேட்டோம்" என்றார் செயலாளர்.

மருந்துக்காரர் நடு வழியில் நடந்தார். மனைவி புடவைத் தலைப்பை வாயில் பொத்திக்கொண்டிருந்தாள். மகளைப் பார்க்க அவருக்குத் தைரியம் வரவில்லை. முன் பெஞ்சில் வங்கி மேலாளர் நகர்ந்து இடம் விட்டார். மருந்துக்காரர் உட்கார்ந்தார். மேலாளர் கைக்குட்டையை வெளியே எடுத்தார். மருந்துக்காரர் தன்னையறியாமல் விளிம்புக்கு ஒதுங்கினார். ஆனால் மேலாளர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார், கைக்குட்டையைத் திரும்பப் பைக்குள் வைத்துவிட்டார்.

"வேற யாராவது" என்றார் செயலாளர். இல்லை என்று பதில் வர வேண்டும் என அவர் முகம் கெஞ்சியது.

"நான் சொல்லலாமா?"

பின்வாசற்படிக்கு உள்ளே, கோப்பை பொறுக்குகிற சாக்குப் பையோடு பாட்டிலம்மா நின்றுகொண்டிருந்தாள்.

"அவரு அடிச்சது தண்ணின்னு எனக்கு மொத வாரமே தெரியும். டேங்க்லேருந்து சொட்டினதைச் சிட்டுக்குருவி குடிச்சுட்டு நல்லாத்தான் பறந்துச்சு. தெரிஞ்சும் நான் வாயத் தொறக்கல. அது மட்டுமில்ல, இந்த ஓரத்துல அடிங்க, அந்த ஓரத்துல அடிங்கன்னு சொல்லி என் பூசணிக்கு நல்லாத் தண்ணி ஊத்திக்கிட்டேன். தண்ணி சுமக்குற வேலை மிச்சம். அவரு தப்பு பண்ணாருன்னா அதுல பாதி என்னுது."

நடு பெஞ்சிலிருந்து முதலில் சிரித்தது மருந்துக்காரரின் மனைவி. அழுதுகொண்டே சிரித்தாள். பிறகு கூடமே சிரித்தது. சிரித்துக்கொண்டே எல்லோரும் "கேட்டோம்" என்றார்கள். இந்தத் தடவை செயலாளரின் குரலும் மற்ற குரல்களோடு சேர்ந்தே வந்தது.

பாட்டிலம்மா வேலை முடிந்தது என்று பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினாள். மளிகைக்கடைக்காரர் எழுந்து வழிமறித்தார். "எங்கம்மா போறீங்க. தப்பைச் சொன்னவங்க முன்னாடி உக்காரணும். அதான் முறை. எனக்குத் தெரியாததா." அவள் சாக்குப் பையைச் செருப்பு அலமாரியில் சாய்த்துவிட்டு, சேலையில் கையைத் துடைத்துக்கொண்டு முன்னால் போனாள். ஐந்து வருடமாக அந்தக் கூடத்தின் கோப்பைகளைப் பொறுக்கியவள் அதன் பெஞ்சில் உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

எல்லோரும் போன பிறகும் மருந்துக்காரர் எழுந்திருக்கவில்லை. மகள் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"மன்னிச்சுக்கோம்மா. கூடம் போச்சு" என்றார்.

"போகட்டும்பா."

"நீ அந்தக் கட்டத்துல என் பேரை எழுதினியே."

"நான் பாக்கணும்னு எழுதினதை இன்னைக்கே பாத்துட்டேன்" என்றாள் மகள். அவர் தோளில் சாய்ந்துகொண்டாள். கழுத்தைத் திருப்பாமல் அப்பாவைப் பார்ப்பது அந்தக் கூடத்தில் அவளுக்கு அதுதான் முதல் தடவை.

செயலாளர் ஒவ்வொரு ஜன்னலாகச் சாத்திக்கொண்டு வந்தார். அவர்கள் பக்கத்தில் வந்ததும் நின்றார். "நீங்க தண்ணி அடிச்சுட்டு மருந்துன்னு எழுதினது தப்புதான்" என்றார்.

"தப்புதாங்க."

"நான் அடிக்கச் சொன்னது..." என்று ஆரம்பித்தார். முடிக்க வரவில்லை. எழுபது வயதில் அந்த வாக்கியம் அவருக்குப் புதுசு. பிறகு, "நாளைக்கு யாரும் வர மாட்டாங்க. கமிட்டிகிட்ட நான் பேசிக்கிறேன். கமிட்டி என்ன சொல்லும்னு தெரியாது, ஆனா பேசுறேன். அந்த விண்ணப்பம் இருக்கா?" என்று கேட்டார்.

மருந்துக்காரர் சட்டைப்பையிலிருந்து எடுத்தார். ஒரு மாத வியர்வையில் தாள் நைந்து போயிருந்தது. செயலாளர் பெஞ்சின் முதுகில் வைத்துக் கையெழுத்துப் போட்டார். முன் பெஞ்சுக் கட்டத்தில் எழுதியிருந்ததை வாசித்துவிட்டு, பேனாவை மூடாமல் மகளிடம் கொடுத்தார்.

"இன்னும் ரெண்டு பேருக்கு இடம் இருக்கும்மா" என்றார். பின்வாசலில் பாட்டிலம்மா பையைத் தோளில் ஏற்றிக்கொண்டிருந்தாள். மகள் அவளைக் கூப்பிட எழுந்து ஓடினாள்.

கொஞ்ச நேரத்தில் மனைவி செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு வந்து நின்றாள். "எல்லாரும் போயாச்சு. நீங்க வரலியா?"

மருந்துக்காரர் காலை நீட்டிச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். தலைக்கு மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது.

"கால் மணி நேரம் குடு" என்றார். "இங்க நல்லாக் காத்து வருது."